விஸ்கோன்டி, ரோசி, பாவா மூவருக்கும் ஒரே எடிட்டர்: மாரியோ செராந்த்ரேய் பற்றி ஒரு இழை

கரிசல்காடு:

இத்தாலியப் படங்களைப் பேச உட்கார்ந்தால் இயக்குநர் பெயர்களோடு நின்றுவிடுகிறோம். மிஞ்சிப்போனால் ஒளிப்பதிவாளர், அப்புறம் இசையமைப்பாளர் நினோ ரோட்டா. எடிட்டிங் மேசையில் வாழ்நாளைக் கழித்தவர்களைப் பற்றி ஒரு வரிகூட வருவதில்லை. அதனால்தான் மாரியோ செராந்த்ரேய்க்கு என்று தனியாக ஓர் இழை தொடங்குகிறேன்.

1907இல் நேப்பிள்ஸில் பிறந்தார். 1966 ஏப்ரலில் ரோமில் இறந்தபோது அவருக்கு 58 வயது. தொகுத்த படங்கள் நூற்றைத் தாண்டும். எல்லாவற்றையும் எழுத இடம் போதாது, சிலவற்றை மட்டும் சொல்கிறேன். போருக்கு நடுவில் பிளாசெத்தியின் ‘இரும்புக் கிரீடம்’ (1941), ‘மேகங்களுக்கிடையே நான்கு அடிகள்’ (1942). அடுத்து விஸ்கோன்டியின் முதல் படமான ‘ஒஸ்ஸெசியோனே’ (1943). அங்கிருந்து ‘லா தெர்ரா த்ரேமா’, ‘பெல்லிசிமா’, ‘சென்ஸோ’, ‘வெண்ணிற இரவுகள்’, ‘ரோக்கோவும் அவன் சகோதரர்களும்’, ‘சிறுத்தை’ என்று விஸ்கோன்டியோடு இருபது ஆண்டுக்கு மேல் போகிறார். பிரான்செஸ்கோ ரோசிக்கு ‘சால்வதோரே ஜூலியானோ’ (1962), ‘நகரத்தின் மீது கைகள்’ (1963). மாரியோ பாவாவுக்குப் பேய்ப் படங்கள். கடைசியாக ‘அல்ஜியர்ஸ் போர்’. அந்தப் படம் வெனிஸில் தங்கச் சிங்கம் வாங்கியபோது அவர் உயிரோடு இல்லை.

இப்படிப் பல திசையில் போகிற பட்டியலைப் பார்த்தால் இவருக்கென்று ஒரு கை இருந்ததா என்ற சந்தேகம் வரும். இருந்தது என்றுதான் நான் சொல்கிறேன், அது பழுத்தது 1944, 45இல் என்பதும் என் எண்ணம். ரோம் விடுதலையான பிறகு எடுத்த ‘புகழின் நாட்கள்’ என்ற ஆவணப்படம் உங்களில் எத்தனை பேர் பார்த்திருப்பீர்களோ தெரியவில்லை. அதில் செராந்த்ரேய் பெயர் எடிட்டராக மட்டும் வரவில்லை, தெ சாந்திஸ், பாக்லியேரோ, விஸ்கோன்டி ஆகியோரோடு சேர்ந்து இயக்கியவராகவும் வருகிறது. 1944 மார்ச் 24 அன்று ஃபோஸ்ஸே அர்தியாத்தினே குகைகளில் ஜெர்மானியர்கள் 335 பேரைச் சுட்டுக் கொன்றார்கள். விடுதலைக்குப் பிறகு அந்தக் குகைகளிலிருந்து உடல்களை எடுத்து அடையாளம் காட்டிய காட்சிகள் இந்தப் படத்தில் இருக்கின்றன. ரோமின் பாசிசப் போலீஸ் தலைவராக இருந்த கருசோவின் விசாரணை இருக்கிறது. அந்த வழக்கில் சாட்சி சொல்ல வந்த சிறை அதிகாரி கரெத்தாவைக் கூட்டம் அடித்து இழுத்துப்போனதும் இருக்கிறது. பாசிசச் சித்திரவதைக் கும்பலின் தலைவன் கொக்கின் மரண தண்டனையும் உண்டு, அவன் ஆட்களிடம்தான் விஸ்கோன்டியே பிடிபட்டுக் கிடந்தார்.

இதையெல்லாம் எடுத்தவர்கள் வெவ்வேறு ஆட்கள். அவை ஒழுங்கான ஷாட்டுகளே அல்ல, கூட்டத்தில் கேமரா இடிபடுகிறது, முகம் பாதியில் மறைந்துவிடுகிறது. இவற்றை மேசையில் வைத்துக்கொண்டு, எதை எவ்வளவு நேரம் மக்கள் பார்க்க வேண்டும், எந்த இடத்தில் எடுத்துவிட வேண்டும் என்று தீர்மானித்த மனிதர் இவர். பதினேழு ஆண்டு கழித்து ‘சால்வதோரே ஜூலியானோ’வை அதே மனிதர் தொகுக்கிறார். அதன் பிறகு ‘அல்ஜியர்ஸ் போர்’. செய்திப் படம் போலத் தோன்றும் கதைப்படங்களில் உலகம் இன்றும் எடுத்துப் பார்க்கிற இரண்டிலும் இவர் பெயர் இருப்பதைத் தற்செயல் என்று என்னால் ஒதுக்க முடியவில்லை.

உங்கள் கருத்தை எழுதுங்கள், மறுப்பும் வரட்டும்.

இரண்டாம்ஆட்டம்:

மறுப்போடு ஆரம்பிக்கிறேன், கரிசல். எடிட்டரின் கை என்று ஒன்றைப் படத்தில் தொட்டுக் காட்ட முடியுமா? ‘லா தெர்ரா த்ரேமா’வையே எடுத்துக்கொள்ளுங்கள். சிசிலியில் அச்சி த்ரெத்சா மீனவர்களையே நடிக்க வைத்து, அவர்கள் பேச்சு வழக்கிலேயே பேச வைத்து எடுத்த படம், ஏறக்குறைய 160 நிமிடம் ஓடுகிறது. ஒவ்வொரு ஷாட்டும் நீளம். கேமரா எப்போது நகரும், ஆள் எப்போது உள்ளே வருவார் என்பதெல்லாம் கரையிலேயே முடிவான விஷயம். எடிட்டர் அங்கே செய்ய என்ன மிச்சம் இருந்தது? இரண்டு முனைகளையும் சீராக்கி ஒட்டுவதுதானே?

‘ஒஸ்ஸெசியோனே’வின் ரஷ் பிரதிகள் (எடுத்ததை எடுத்தபடி போட்டுப் பார்க்கும் முதல் பிரதிகள்) படப்பிடிப்பு நடந்த பெர்ராராவிலிருந்து ரோமுக்குப் போனதும், அதைப் பார்த்துவிட்டு இந்த வகைப் படத்தை நியோரியலிஸம், அதாவது புதிய யதார்த்தவாதம், என்றுதான் சொல்ல வேண்டும் என செராந்த்ரேய் கடிதம் எழுதியதும் விஸ்கோன்டியே பிற்பாடு சொன்ன தகவல். அதனால்தான் இவர் பெயர் புத்தகங்களில் தங்கியிருக்கிறது. இலக்கிய விமர்சனத்தில் 1930களிலேயே அந்தச் சொல் இருந்தது என்பது வேறு. ஒரு கடிதத்தால் நினைவில் நிற்பவருக்கு நாம் படத்திலிருந்தும் பங்கு எடுத்துக் கொடுக்கிறோமோ என்பதுதான் என் சந்தேகம்.

பழையரீல்:

இருவருக்கும் வணக்கம். நான் பிலிம் காலத்தில் எடிட்டிங் அறையில் உதவியாளராக இருந்தவன், அதனால் மேசைப் பக்கத்திலிருந்து கொஞ்சம் சொல்கிறேன். நீண்ட ஷாட் என்றால் எடிட்டருக்கு வேலை இல்லை என்று இரண்டாம்ஆட்டம் எழுதியிருக்கிறார். அந்த அறையில் இருந்தவர்கள் யாரும் ஒப்புக்கொள்ள மாட்டார்கள். பத்துத் துண்டு இருந்தால் ஒரு தப்பை இன்னொன்றால் மறைத்துவிடலாம். மூன்று நிமிட ஷாட் ஒன்று முடிகிற இடத்தில் அரை விநாடி கூடினாலும் குறைந்தாலும் அடுத்த ஷாட் வந்து விழுகிற கனமே மாறிப்போகும். ‘லா தெர்ரா த்ரேமா’வில் புயல் அடிக்கும்போது கறுப்பு உடுத்திய பெண்கள் பாறைமேல் நின்று கடலைப் பார்க்கிறார்களே, அந்த ஷாட்டை எவ்வளவு நேரம் வைப்பது என்று கரையில் நின்றுகொண்டு யாரும் முடிவு செய்ய முடியாது. முன்னால் என்ன வந்தது, பின்னால் என்ன வரப்போகிறது என்று தெரிந்த பிறகுதான் முடியும்.

இன்னொன்று, அந்தக் காலத்தில் வெட்டுவது என்றால் என்ன என்பதை இப்போது இருக்கிறவர்கள் நினைத்துப் பார்க்க வேண்டும். ரஷ் பிரிண்டை வெட்டி, ஒரு முனையில் பிம்பம் பதிந்த எமல்ஷன் பூச்சை பிளேடால் சுரண்டி, பிலிம் சிமெண்ட் என்ற பசையைத் தடவி, இன்னொரு முனையை அதன்மேல் ஏற்றி அழுத்த வேண்டும். சிமெண்ட் பிலிமின் அடிப்பகுதியைக் கொஞ்சம் கரைத்து இரண்டையும் ஒன்றாக்கிவிடும். ஒட்டியது ஒட்டியதுதான். சரியில்லை, பிரித்துப் பார்க்கலாம் என்றால் அந்த இடத்தில் மறுபடி வெட்ட வேண்டும், ஒரு பிரேம் போய்விடும். போன பிரேமுக்குப் பதிலாகக் கறுப்பு பிலிம் துண்டைச் சேர்த்துத்தான் நீளத்தைக் காப்பாற்றுவார்கள், இல்லாவிட்டால் சவுண்ட் ஒத்துவராது. ஒரே இடத்தை நாலு தடவை மாற்றினால் திரையில் கறுப்பு மின்னல் மின்னலாக ஓடும், காட்சியின் ஓட்டம் எப்படி இருக்கிறது என்பதே புரியாமல் போய்விடும். அதனால் வெட்டுவதற்கு முன்பே எடிட்டர் மனதுக்குள் வெட்டி முடித்திருக்க வேண்டும். ‘ஒஸ்ஸெசியோனே’ காலத்து எடிட்டர் எல்லோரும் இப்படி வேலை செய்தவர்கள். அன்று பிலிமும் நைட்ரேட், ஒரு தீப்பொறி பட்டால் அறையே போய்விடும்.

இந்தத் தொல்லையை ஒழித்ததும் ஓர் இத்தாலிய எடிட்டர்தான் என்பதைச் சொல்லாமல் விட மனம் வரவில்லை. லியோ கட்டோட்சோ, ஃபெலினியின் ‘லா ஸ்த்ராதா’, ‘கபீரியாவின் இரவுகள்’, ‘லா தோல்சே வீட்டா’, ‘எட்டரை’ எல்லாம் தொகுத்தவர். ஒளி ஊடுருவும் டேப்பை வைத்து இரண்டு முனைகளையும் ஒன்றன்மேல் ஒன்று ஏற்றாமல் நேருக்கு நேர் ஒட்டுகிற கருவியை உருவாக்கினார். அழுத்துகிற அந்த ஓர் அழுத்தத்திலேயே டேப்பில் ஓட்டைகளும் விழுந்துவிடும். பிரிக்க வேண்டுமா, டேப்பை உரித்தால் போதும், ஒரு பிரேம்கூட வீணாகாது. உலகம் முழுக்க எடிட்டிங் அறைகளில் அது போய்ச் சேர்ந்தது, பின்னாளில் ஆஸ்கர் அகாடமி அதற்காகவே அவருக்குத் தொழில்நுட்ப விருது கொடுத்தது. பயமில்லாமல் வெட்டிப் பார்க்கிற சுதந்திரம் எடிட்டருக்கு வந்தது அதனால்தான். இறுதியில் நெகட்டிவை வெட்டி ஒட்டுவது மட்டும் அதற்குப் பிறகும் சிமெண்டில்தான் நடந்தது.

நெய்தல்:

பழையரீல் ஐயா, ஒரு கேள்வி. இத்தாலியில் எல்லாமே டப்பிங் என்று படித்திருக்கிறேன். அப்படியானால் எடிட்டர் பேசாத படத்தையா வெட்டினார்? வசனம் இல்லாமல் எதை வைத்து ஷாட்டை முடிப்பது?

பழையரீல்:

நல்ல கேள்வி, தம்பி. இத்தாலியில் பெரும்பாலான படங்களில் படப்பிடிப்பில் பதிவாகும் ஒலி வழிகாட்டிதான், இறுதிப் படத்துக்குப் போகாது. நடிகர்கள் பல நாட்டுக்காரர்களாக இருப்பார்கள், ஆளுக்கொரு மொழியில் பேசுவார்கள், செட்டில் இயக்குநரும் கத்திக்கொண்டிருப்பார். எல்லாம் டப்பிங் அறையில்தான் சரியாகும். இதனால் எடிட்டருக்கு ஓர் இடைஞ்சலும் உண்டு, ஒரு பெரிய சலுகையும் உண்டு. எதிரே இருப்பவர் பேசி முடிக்கட்டும் என்று ஷாட் காத்திருக்க வேண்டியதில்லை. முகத்தை, நடையை, பார்வையை வைத்தே வெட்டலாம், வசனத்தை அதற்குள் பிறகு உட்கார வைக்கலாம். ஒரு வரியை முழுசாகத் தூக்கிவிடலாம், ஆள் திரும்பி நிற்கும் ஷாட்டில் புது வரியைப் போட்டுவிடலாம். கதையையே மேசையில் மாற்ற வழி இருந்தது.

இதற்கு நேர் எதிர் ‘லா தெர்ரா த்ரேமா’. மீனவர்கள் சொந்தக் குரலில் அந்த இடத்திலேயே பேசினார்கள், அதுதான் படத்தில் இருக்கிறது. ஒரே எடிட்டர் இரண்டு விதமாகவும் வேலை செய்திருக்கிறார் என்பதைக் கவனியுங்கள்.

செவ்வந்தி:

எடிட்டிங் அறையைப் பற்றி இவ்வளவு பேசிவிட்டு ‘பெல்லிசிமா’வை (1951) யாரும் தொடவில்லையே! அந்த அறையையே விஸ்கோன்டி படத்துக்குள் கொண்டுவந்த படம் அது, தொகுத்தவரும் செராந்த்ரேய்.

கதை தெரியாதவர்களுக்காக: ஆன்னா மாக்னானி ஓர் ஏழைத் தாய். ரோமின் சினிசித்தா ஸ்டுடியோவில் சிறுமி வேடத்துக்குத் தேர்வு நடக்கிறது, மகளைச் சேர்த்துவிட வேண்டும் என்று கையில் இருந்த காசையெல்லாம் செலவழிக்கிறாள். படத்துக்குள் வரும் இயக்குநர் பிளாசெத்தி, அவராகவே வருகிறார். மகளின் சோதனைக் காட்சியை எப்படியாவது பார்த்துவிட வேண்டும் என்று தாய் எடிட்டிங் பகுதிக்குள் நுழைந்துவிடுகிறாள். அங்கே பிலிம் ஒட்டுகிற ஒரு பெண்ணைச் சந்திக்கிறாள். இந்தப் பெண்ணை எங்கோ பார்த்திருக்கிறோமே என்று அவளுக்குத் தோன்றுகிறது. பார்த்தது உண்மைதான், அவள் முன்பு ஒரு படத்தில் நடித்தவள். நடித்தபோது எல்லோரும் கொண்டாடினார்கள், அப்புறம் யாரும் கூப்பிடவில்லை, இப்போது இங்கே வேலை என்று அமைதியாகச் சொல்கிறாள். அந்த வேடத்தில் வரும் லில்லியானா மன்சீனியின் சொந்தக் கதையும் அதுவேதான். காஸ்தெல்லானியின் படத்தில் தெருவிலிருந்து எடுத்து நடிக்க வைத்த பெண் அவர்.

நியோரியலிஸப் படங்கள் தெருவில் போகிறவர்களை அழைத்து நடிக்க வைத்ததை நாம் எல்லோரும் பாராட்டுகிறோம். படம் முடிந்த மறுநாள் அவர்கள் என்ன ஆனார்கள் என்று அந்த இயக்கத்துக்கு உள்ளிருந்தே கேட்ட காட்சி இது. கேட்கிற இடம் எடிட்டிங் அறை. இதையும் ஒருவர் மேசையில் வைத்துத் தொகுத்தார், அதே போன்ற ஓர் அறையில், அதே போன்ற உதவியாளர்கள் பக்கத்தில் இருக்க. மாக்னானி கெஞ்சுவதை எவ்வளவு நேரம் காட்டியிருக்கிறார், அந்தப் பெண் பதில் சொல்லும்போது எத்தனை சிக்கனமாக இருக்கிறார் என்று பாருங்கள். இருவரில் யாருக்கும் அனுதாபத்தை அள்ளிக் கொட்டவில்லை. பிறகு புரொஜெக்ஷன் அறையின் சின்ன ஜன்னல் வழியாகத் தாய் பார்க்கிறாள். திரையில் மகள் அழுகிறாள், கீழே ஆண்கள் சிரிக்கிறார்கள். தாயின் முகம், திரை, சிரிப்பு என்று மூன்றும் மாறி மாறி வரும் அந்த இடத்தில் மாக்னானி வாயே திறப்பதில்லை. கரிசல் சொன்ன கையை எனக்குக் காட்டச் சொன்னால் இதைத்தான் காட்டுவேன்.

இரண்டாம்ஆட்டம்:

செவ்வந்தி, அந்தக் காட்சியை நானும் மறக்கவில்லை. ஆனாலும் என் கேள்வி அப்படியே நிற்கிறது. எரால்டோ டா ரோமாவைப் பாருங்கள். ரோஸெலினியின் ‘ரோம், திறந்த நகரம்’, ‘பைசா’, ‘ஜெர்மனி, பூஜ்ய ஆண்டு’ மூன்றும் அவர். டி சிகாவின் ‘சைக்கிள் திருடர்கள்’, ‘மிலானில் அதிசயம்’, ‘உம்பெர்த்தோ டி.’ அவர். இதே ஆள்தான் அந்தோனியோனியின் ‘லா அவென்தூரா’, ‘இரவு’, ‘கிரகணம்’, ‘செம்பாலை’ எல்லாவற்றையும் தொகுத்தார். ‘ரோம், திறந்த நகர’த்தில் பீனா என்ற பெண் லாரிக்குப் பின்னால் ஓடிச் சுடப்பட்டு விழுகிற இடத்தில் வெட்டு எவ்வளவு வேகம்! ‘கிரகண’த்தின் கடைசி ஏழு நிமிடமோ, காதலர்கள் சந்திப்பதாகச் சொன்ன தெருமுனையில் இருவருமே வரவில்லை, தண்ணீர்ப் பீப்பாயும் பேருந்தும் மரங்களும் தெருவிளக்கும்தான் வருகின்றன. இந்த இரண்டையும் ஒரே கை செய்தது என்று படத்தைப் பார்த்து யாராவது கண்டுபிடித்துவிட முடியுமா? முடியாது. இயக்குநருக்கு ஏற்றபடி மாறத் தெரிந்ததுதான் அவர் திறமை. செராந்த்ரேயும் அப்படித்தான் என்று ஏன் சொல்லக்கூடாது?

இன்னொரு தகவலையும் சேர்க்கிறேன். 1952இல் இந்தியாவின் முதல் சர்வதேசத் திரைப்பட விழா பம்பாயில் தொடங்கி சென்னைக்கும் வந்தது. அதில் நம்மவர்களை உலுக்கிய ‘சைக்கிள் திருடர்கள்’, ‘ரோம், திறந்த நகரம்’, ‘மிலானில் அதிசயம்’ மூன்றும் டா ரோமா தொகுத்தவை. அன்று யாரும் அவர் பெயரைக் கேட்டிருக்க மாட்டார்கள்.

கரிசல்காடு:

டா ரோமாவைக் கொண்டுவந்தது நல்லதாயிற்று, அவருக்கும் தனி இழை வேண்டும். மாறத் தெரிந்தது திறமை என்பதில் எனக்கும் உடன்பாடுதான். ஆனால் மாறுகிறவரிடமும் மாறாத ஒன்று இருக்கும். டா ரோமாவிடம் நான் பார்ப்பது, காட்சியில் நிகழ்வு முடிந்த பிறகும் இடத்தைக் கொஞ்சம் விட்டுவைப்பது. ‘ஜெர்மனி, பூஜ்ய ஆண்டி’ல் அந்தச் சிறுவன் இடிந்த கட்டடங்களில் தனியாகத் திரிகிற கடைசிப் பகுதியைப் பார்த்துவிட்டு ‘கிரகண’த்தின் முடிவைப் பாருங்கள், நான் சொல்வது பிடிபடும்.

செராந்த்ரேயிடம் நான் காண்பது வேறு. நேரத்தை உடைத்து, தூரத்தில் இருக்கும் இரண்டை எதிரெதிரே நிறுத்துவது. ‘ரோக்கோ’வில் அண்ணன் சிமோனே ஏரிக்கரையில் நாதியா என்ற பெண்ணைக் கத்தியால் குத்துகிறான், அதே நேரம் தம்பி ரோக்கோ குத்துச்சண்டை மேடையில் ஜெயித்துக்கொண்டிருக்கிறான். ஒன்றில் கூட்டம், கூச்சல், விளக்குகள். மற்றதில் வெறும் வெளி, இரண்டே பேர். ரோக்கோ அந்தச் சண்டைக்குப் போனதே அண்ணன் பட்ட கடனை அடைக்கத்தான். அவன் வாங்குகிற ஒவ்வொரு அடியும் நாதியாவின் மரணத்தோடு கட்டப்பட்டுவிடுகிறது. திரைக்கதையிலேயே அப்படி எழுதியிருந்தாலும் எந்த இடத்தில் இங்கிருந்து அங்கே தாவுவது என்பது மேசையில் பிறப்பதுதான். அதிலும் ‘ரோக்கோ’வில் விஸ்கோன்டி ஒரே காட்சியை ஒரே நேரத்தில் பல கேமராக்களில் எடுத்தார். அப்படி வந்து குவிகிற பிலிமில் எந்த முகத்தை வைப்பது, எதை விடுவது என்ற தேர்வு முன்பைவிட எடிட்டர் பக்கம் கூடுகிறது, குறையவில்லை.

‘சால்வதோரே ஜூலியானோ’வுக்கு வருகிறேன். 1950 ஜூலை, சிசிலியின் கஸ்தெல்வெத்ரானோவில் ஒரு முற்றத்தில் கொள்ளைக்காரன் ஜூலியானோவின் பிணம் கிடக்கிறது. அதிகாரி ஒருவர் உடல் கிடக்கும் விதத்தையும் பக்கத்தில் இருக்கும் பொருள்களையும் வரிசையாகச் சொல்லி எழுத வைக்கிறார். அங்கிருந்து படம் 1945க்குத் தாவுகிறது, பிணத்துக்குத் திரும்புகிறது, மறுபடி பின்னால் போகிறது, அவன் கூட்டாளிகளை விசாரித்த வித்தெர்போ நீதிமன்றத்துக்கு வந்துவிடுகிறது. உயிரோடு இருக்கும் ஜூலியானோவின் முகத்தை நாம் சரியாகப் பார்ப்பதே இல்லை. தாவுகிற இடங்களில் மங்கி மறைவது, நினைவில் மூழ்குவது மாதிரியான சைகைகளை நம்பாமல் வெட்டி எடுத்து வைத்தாற்போல அடுத்த ஆண்டுக்குப் போகிறார்கள், சில இடங்களில் ஒரு குரல் விவரம் சொல்லும், அவ்வளவுதான். பார்க்கிறவன் ஒரு வழக்கின் காகிதக் கட்டைப் புரட்டுகிறவன் ஆகிவிடுகிறான். யார் யாருக்காகச் சுட்டார்கள் என்ற கேள்விக்குப் பதில் அந்தத் தேதிகளுக்கு இடையில்தான் இருக்கிறது. 1947 மே தினத்தன்று போர்தெல்லா தெல்லா ஜினெஸ்த்ராவில் கூடிய விவசாயிகள் மீது மலையிலிருந்து சுட்டதில் 11 பேர் செத்தார்கள். அந்தக் காட்சியில் சுடுகிறவனின் முகம் இல்லை, வெட்டவெளியில் சிதறி ஓடும் மக்கள்தான். சில நிமிடங்களுக்கு முன் ஜூலியானோவின் ஊரான மொந்தெலெப்ரேயின் பெண்கள் தங்கள் ஆண்களைப் பிடித்துப் போகும் ராணுவத்தை நோக்கித் தெருவில் பாய்ந்து வருகிறார்கள். இரண்டிலும் கூட்டம்தான் பாத்திரம். 1945இல் உண்மையான கூட்டத்தையும் உண்மையான பிணங்களையும் தொகுத்துப் பழகிய கண் இதில் தெரிகிறது என்பேன்.

நெய்தல்:

கரிசல் அண்ணே, அப்படியென்றால் பாவா படங்களை எந்தக் கணக்கில் சேர்ப்பீர்கள்? ‘பிசாசின் முகமூடி’யில் (1960) எடிட்டிங் மட்டுமல்ல, திரைக்கதையிலும் செராந்த்ரேய் பெயர் இருக்கிறது. ‘ரோக்கோ’ வந்த அதே ஆண்டு! அதற்கு முன் ஸ்டீவ் ரீவ்ஸ் நடித்த ‘ஹெர்குலிஸ்’ (1958) வேறு. அதில் எங்கே செய்திப் படம் இருக்கிறது?

கரிசல்காடு:

அங்கே செய்திப் படம் இல்லை, ஒத்துக்கொள்கிறேன். ஆனால் பாவா குறைந்த காசில், அட்டையும் புகையும் விளக்கும் வைத்து உலகம் செய்தவர். ஒரு தந்திரத்தை எத்தனை பிரேம் காட்டினால் நம்புவார்கள், அடுத்த பிரேமில் எப்படிக் குட்டு உடைந்துவிடும் என்று எடிட்டர் பார்த்துக்கொண்டே இருக்க வேண்டும். ‘பிசாசின் முகமூடி’யின் ஆரம்பத்தில் உள்ளே ஆணிகள் உள்ள முகமூடியை பார்பரா ஸ்டீலின் முகத்தில் வைத்துச் சம்மட்டியால் அடிக்கிறார்கள். முகமூடி நம்மை நோக்கி வருகிறது, பிறகு சம்மட்டி, அவ்வளவுதான். காட்டியதைவிட நாம் நினைத்துக்கொள்வது அதிகம். ‘ஜூலியானோ’விலும் சுடுகிறவனைக் காட்டாமல் விட்டதுதானே நம்மை உறைய வைக்கிறது? கலைப் படம், வணிகப் படம் என்று பிரித்துவைத்து ஒன்றை மட்டும் அவர் கணக்கில் எழுதுவது எனக்குச் சம்மதமில்லை. ஹெர்குலிஸைத் தொகுத்த ஆள்தான் ‘சிறுத்தை’யில் பலெர்மோ தெருச்சண்டையைத் தொகுத்தார்.

செவ்வந்தி:

வெட்டியது எடிட்டர் மட்டுமல்ல, வெளியிலிருந்தும் கத்தரி வந்தது. ‘ஒஸ்ஸெசியோனே’வின் நெகட்டிவையே பாசிச ஆட்சி அழித்தது, விஸ்கோன்டி வைத்திருந்த பிரதியால்தான் படம் பிழைத்தது. ‘சென்ஸோ’வில் குஸ்தோட்சா போர்ப் பகுதியில் கைவைத்தார்கள், அவர் முதலில் நினைத்த முடிவும் நிற்கவில்லை, அதிகாரி சுட்டுக்கொல்லப்படுவதோடு முடிகிற படத்தைத்தான் நாம் பார்க்கிறோம். ‘ரோக்கோ’ வெளியானதும் மிலான் அரசு வழக்கறிஞர் சில காட்சிகளை நீக்கச் சொன்னார், கடைசியில் அந்த இடங்களைத் திரையில் இருட்டாக்கி ஓட்டினார்கள். ஒரு தொகுப்பாளரின் முக்கால்வாசி வாழ்க்கை இப்படி அடுத்தவர்கள் கிழித்ததைத் தைப்பதில் போயிருக்கிறது. கதை புரியாமல் போகாதபடி, காயம் வெளியே தெரியாதபடி. அந்த உழைப்பை எந்த விருதும் பார்ப்பதில்லை.

இரண்டாம்ஆட்டம்:

செவ்வந்தி சொன்னது எனக்கு வலுவாகப் படுகிறது. கையெழுத்தைத் தேடுவதைவிட இந்தத் தையலைப் பற்றிப் பேசினால் எடிட்டரின் வேலை இன்னும் துலக்கமாகத் தெரியும். ‘ரோக்கோ’வில் இரண்டு இடங்களுக்கு இடையே மாறி மாறி வெட்டுகிற விஷயத்தில் கரிசலின் வாதத்தையும் ஏற்கிறேன். ஆனால் ‘அல்ஜியர்ஸ் போர்’ விஷயத்தில் இன்னும் உறுத்துகிறது. அதில் மாரியோ மொர்ராவின் பெயரும் சேர்ந்தே வருகிறது. மூன்று பெண்கள் முடியை வெட்டி, உடை மாற்றி, சோதனைச் சாவடிகளைக் கடந்து குண்டுகளை வைக்கப் போகும் அந்தப் பகுதியை செராந்த்ரேய் கணக்கில் எழுதுவது மொர்ராவுக்கு அநியாயம் இல்லையா?

பழையரீல்:

அநியாயம்தான், அப்படி எழுதக் கூடாது. செராந்த்ரேய் ஏப்ரலில் இறந்தார், படம் அந்த ஆண்டு வெனிஸ் விழாவுக்குத்தான் வந்தது. டைட்டிலில் இருவர் பெயரும் இருக்கிறது, நாமும் இருவரையும் சேர்த்துச் சொல்வோம். எந்த வெட்டு யாருடையது என்று பிரிக்க எடிட்டிங் அறையில் யாரும் கணக்கு எழுதி வைப்பதில்லை. அந்தக் காபிக் கடையில் குண்டை வைத்துவிட்டு அந்தப் பெண் சுற்றி இருப்பவர்களைப் பார்க்கிறாளே, ஐஸ்கிரீம் தின்னும் குழந்தை உட்பட ஒவ்வொரு முகமாக வரும். தேவைக்கு மேல் கொஞ்சம் நீளமாகவே ஒவ்வொரு முகத்தையும் வைத்திருக்கிறார்கள். அவளோடு சேர்ந்து நாமும் பார்த்தே ஆக வேண்டும். யார் செய்திருந்தாலும் பெரிய துணிச்சல் அது. படத்தில் செய்திப் படத்துண்டு ஓர் அடிகூட இல்லை என்று அமெரிக்காவில் திரையிட்டபோது அறிவிப்பே போட்டார்கள், அவ்வளவு தூரம் மக்கள் நம்பினார்கள். அந்த நம்பிக்கையில் மார்செல்லோ கத்தியின் ஒளிப்பதிவுக்குப் பாதிப் பங்கு உண்டு, மீதிப் பாதி மேசையில் உட்கார்ந்த இருவருக்கும்.

செராந்த்ரேய் போன பிறகு விஸ்கோன்டி ரூஜெரோ மாஸ்ட்ரோயானியிடம் போனார், நடிகர் மார்செல்லோ மாஸ்ட்ரோயானியின் தம்பி. ஃபெலினியும் கட்டோட்சோவுக்குப் பிறகு அவரிடம்தான் போனார். அடுத்த தலைமுறையின் கதை அது.

நெய்தல்:

வரிசையாகப் பார்க்கலாம் என்று இருக்கிறேன். எதிலிருந்து தொடங்குவது, அண்ணே?

கரிசல்காடு:

‘பெல்லிசிமா’வில் தொடங்குங்கள், செவ்வந்தி சொன்ன காட்சிக்காகவே. அடுத்து ‘ரோக்கோ’, அப்புறம் ‘சால்வதோரே ஜூலியானோ’. ஜூலியானோ முதல் முறை குழப்பும், பாதியில் விட்டுவிடாதீர்கள், தேதிகளை ஒரு தாளில் குறித்துக்கொண்டே பாருங்கள். ‘புகழின் நாட்க’ளை அதற்குப் பிறகு பார்த்தால்தான் நான் சொன்ன தொடர்பு தெரியும், குகைக் காட்சிகள் கடினமாக இருக்கும், மனதைத் தயார் செய்துகொண்டு பாருங்கள். ‘சிறுத்தை’யைக் கடைசியில் வையுங்கள். அதில் மட்டும் எந்தப் பிரதி என்று கவனம். அமெரிக்காவில் 161 நிமிடத்துக்குச் சுருக்கி ஆங்கிலத்தில் டப்பிங் செய்த பிரதி ஒன்று உண்டு, விஸ்கோன்டி அதைத் தன் படமாகவே ஏற்கவில்லை. மூன்று மணி நேரத்துக்குச் சற்று மேல் ஓடும் இத்தாலியப் பிரதிதான் வேண்டும். முக்கால் மணி நேர நடன விருந்தை அதில்தான் முழுசாகப் பார்க்க முடியும், வயதான பிரபு அறை அறையாக நடந்து களைத்துப்போவது நமக்கும் உறைக்க அந்த நேரம் அத்தனையும் தேவை.